லீஸ் முடிந்தும் கடையை விடாத வாடகைக்காரர்: வேறு பூட்டுப் போடலாமா?

வெள்ளவத்தை_மாடி:
கொழும்பு காலி வீதியில் என் கீழ்த்தளக் கடை. நொத்தாரிசு (உறுதி எழுதும் சட்டத்தரணி) முன் எழுதிய 2 வருட லீஸ் ஜூன் 30உடன் முடிந்தது. ஆள் எழும்பவில்லை, அதன்பின் வாடகையும் இல்லை. இப்போது ஒக்டோபரில் திடீரென்று ஒரு மாதக் காசை வங்கிக் கணக்கில் போட்டிருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை ஷட்டருக்கு வேறு பூட்டுப் போட்டால் என்ன வரும்? வழக்கென்றால் எங்கிருந்து தொடங்குவது?

புதுக்கடைப்_படிக்கட்டு:
பூட்டில் கை வைக்காதீர்கள். 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவில் அவர் போவார். கடை யாருடையது என்பது அங்கே கேள்வியே இல்லை. தகவல் தாக்கல் செய்த நாளுக்கு முந்திய 2 மாதத்துக்குள் வெளியே தள்ளப்பட்டாரா என்று மட்டும் பார்ப்பார்கள். ஆமென்றால் 68ஆம் பிரிவில் அவரைத் திரும்ப உள்ளே விடச் சொல்லி உத்தரவு வரும். கரண்ட், தண்ணீரை வெட்டுவதும் வீண் வில்லங்கம்தான்.

முதலில் 1972ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க வாடகைச் சட்டம் உங்கள் கடைக்குப் பொருந்துமா என்று பாருங்கள். மாநகர சபை எல்லைக்குள் உள்ள வியாபார இடத்தின் ஆண்டுப் பெறுமதி (வரிக்காகச் சபை மதிப்பிடும் தொகை) 6,000 ரூபாவைத் தாண்டினால் அந்தச் சட்டத்திலிருந்து விலக்கு. பலர் இன்றைய சோலைவரி (மாநகர சபைக்குக் கட்டும் ஆதன வரி) பில்லை நீட்டுகிறார்கள், அது பிழை. 1968 ஜனவரி 1இல் நடைமுறையில் இருந்த மதிப்பீடுதான் கணக்கு. அதற்குப் பின் முதன்முதலாக மதிப்பிட்ட இடமென்றால் அந்த முதல் மதிப்பீடு. புறக்கோட்டைப் பழைய கடைகள் பல சிக்குவது இந்த இடத்தில்தான். மாநகர சபையில் பழைய மதிப்பீட்டு ஏட்டின் பிரதியை எடுத்துக்கொண்டு சட்டத்தரணியிடம் போங்கள்.

வாடகைச் சட்டம் பொருந்தினால் பாதை வேறு. வாடகைப் பாக்கிக்கு முதல் தடவை 3 மாத நோட்டீஸ், இரண்டாம் தடவை 2, பிறகு 1. நோட்டீஸ் காலம் முடியுமுன் பாக்கி முழுவதையும் நீட்டினால் அந்தக் காரணம் செத்துப்போகும். நீங்கள் வாங்க மறுத்த வாடகையை மாநகர சபையில் கட்டினாலும் உங்களுக்குக் கட்டியதாகவே கொள்ளப்படும். ஆகவே வழக்குக்கு முன் அங்கேயும் விசாரியுங்கள்.

குறுக்குத்தெரு_கணக்கு:
விலக்கான கடை என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் உங்களுக்கு ஆபத்து அந்த ஒரு மாதக் காசுதான். லீஸ் முடிந்தபின் பேசாமல் வாடகை வாங்கினால், மாத வாடகை ஒன்று புதிதாகத் தொடங்கிவிட்டது என்பார்கள். உடனே பதிவுத்தபாலில் எழுதுங்கள்: ‘இத்தொகை வாடகையாக ஏற்கப்படவில்லை; எமது உரிமைகளுக்குப் பாதகமின்றி, அனுமதியற்ற பாவனைக்கான நட்டஈடாக மட்டும் வரவு வைக்கப்படுகிறது.’ ரசீதிலும் ‘வாடகை’ என்ற சொல் வரக்கூடாது.

காலம் முடிந்த லீஸுக்கு நோட்டீஸ் தேவையில்லை. ஆனாலும் அந்தக் காசு வந்துவிட்டதால் காப்புக்கு ஒன்று அனுப்புவது நல்லது. ஒரு முழு மாதம், மாத முடிவில் முடிய வேண்டும். நவம்பர் 30இல் விடச் சொல்வதென்றால் ஒக்டோபர் 31க்குள் அவர் கையில் கிடைக்க வேண்டும். நவம்பர் 2 கிடைத்தால் அந்த நோட்டீஸ் செல்லாது.

வாசிக்கும் மற்றவர்களுக்கு: முத்திரை ஒட்டி இருவர் கையெழுத்திட்ட ‘2 வருட லீஸ்’ லீஸே இல்லை. 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டப்படி, ஒரு மாதத்துக்கு மேற்பட்ட லீஸ் நொத்தாரிசும் 2 சாட்சிகளும் முன்னிலையில் எழுதப்பட வேண்டும். இல்லாவிட்டால் மாத வாடகைதான்.

வெள்ளவத்தை_மாடி:
நன்றி. முன்பக்கம் ஒரு துண்டை ஃபோன் திருத்துபவர் ஒருவருக்கு உள்வாடகைக்குக் கொடுத்திருக்கிறார். அவரையும் தனியாக வழக்கில் சேர்க்க வேண்டுமா?

புதுக்கடைப்_படிக்கட்டு:
பேர் தெரிந்தால் சேர்த்துவிடுங்கள். தீர்ப்பாணையிலும் ‘பிரதிவாதியும் அவர் மூலம் உரிமை கொண்டாடும் அனைவரும்’ என்று இருக்க வேண்டும். இது விடுபட்டால், பிஸ்கால் (தீர்ப்பை நிறைவேற்ற வரும் நீதிமன்ற அதிகாரி) கதவருகே நிற்கும்போது ‘நான் வேறு ஆள்’ என்று ஒருவர் வருவார்.

வழக்கு மாவட்ட நீதிமன்றத்தில். லீஸ் முடிந்த இடங்களை மீட்கச் சுருக்க நடைமுறை தரும் 2023ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கச் சட்டம் உங்களுக்குப் பொருந்துமா என்று சட்டத்தரணியிடம் முதலில் கேளுங்கள். வழமையான வழக்கோடு ஒப்பிட்டால் வருடங்கள் மிச்சம். ‘கடைக்கு நீ சொந்தக்காரனா’ என்ற வாதத்துக்குப் பயப்பட வேண்டாம். சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 116ஆம் பிரிவு அதை வாடகைக்காரர் வாயிலிருந்து எடுத்துவிடுகிறது.

வழக்கில் வெல்வதைவிட பிஸ்கால் வேலையில்தான் கூடுதலாகச் சறுக்குகிறார்கள். லீஸில் 112/1, சோலைவரி ஏட்டில் 112ஏ, பெயர்ப்பலகையில் 112 என்று இருந்தால், எந்தக் கதவைத் திறப்பது என்று தெரியாமல் பிஸ்கால் திரும்பிவிடுவார். வழக்குரையின் அட்டவணையில் தளம், நான்கு எல்லை, இப்போதைய இலக்கம், பழைய இலக்கம் எல்லாம் வரட்டும். ஒரு வரைபடமும் இணையுங்கள்.

தீர்ப்புக்குப் பின் மேன்முறையீட்டு அறிவித்தலுக்கு 14 நாள், மனுவுக்கு 60 நாள். அந்தக் காலம் கழியாமல் எழுத்தாணை (தீர்ப்பை நிறைவேற்றும் உத்தரவு) கேட்க முடியாது. பிஸ்காலை யாரும் மறித்தால் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவை 325இன் கீழ் ஒரு மாதத்துக்குள் நீங்கள் மனுப் போட வேண்டும். வெளியேற்றப்பட்ட மூன்றாம் ஆளுக்கு 328இல் 15 நாள்தான்.

குறுக்குத்தெரு_கணக்கு:
ஒன்று விட்டுப்போச்சு. கையளிக்கும் நாளில் உள்ளே கிடக்கும் சாமான்களுக்கு அங்கேயே பட்டியல் எழுதி, படமும் எடுங்கள். ஷோகேஸ் ஒன்று, ஏசி இரண்டு என்று எண்ணிக்கையோடு. பிறகு ‘பத்து லட்சம் பெறுமதியான சரக்கு காணோம்’ என்று வருவார்கள். புதுப் பூட்டு வாங்குவதென்றால் அன்றைக்கு வாங்குங்கள்.