அம்மா திரும்பிப் பார்க்காத காட்சி

சியோலில் வேலை பார்த்த ஒன்றரை வருஷமும் தினமும் காலையில் சொங்சு பாலம் வழியாகத்தான் பஸ்ஸில் போவேன். கீழே ஹான் ஆறு, பக்கத்து சீட்டில் பை மேல் தலை சாய்த்துத் தூங்கும் பள்ளிப் பிள்ளைகள். அந்தப் பாலத்துக்குப் பின்னால் ஒரு துக்கம் இருப்பது எனக்குத் தெரியாது. ஆபீஸில் மூத்தவர் ஒருவர் சொல்லித்தான் கிம் போ-ரா இயக்கிய 'ஹவுஸ் ஆஃப் ஹம்மிங்பேர்ட்' பார்த்தேன்.

1994-இல் நடக்கிற கதை. உன்ஹீக்கு 14 வயது. பெற்றோர் அரிசிப் பலகாரக் கடை வைத்திருக்கிறார்கள். பெரிய ஆர்டர் வந்தால் பிள்ளைகளும் கடையில் உட்கார வேண்டும். அண்ணன் பெரிய பல்கலைக்கழகத்துக்குப் போக வேண்டியவன். அவன் தங்கையை அடித்தாலும் வீட்டில் அது ஒரு விஷயமே இல்லை.

ஒரு காட்சி என்னை விடவே இல்லை. தெருவில் தூரத்தில் அம்மாவைப் பார்த்து உன்ஹீ கூப்பிடுகிறாள். திரும்பத் திரும்பக் கூப்பிடுகிறாள். அம்மா திரும்பவே இல்லை. அந்த அம்மாவும் ஒரு காலத்தில் நன்றாகப் படித்தவள்தான், தன் அண்ணன் படிப்பதற்காகப் படிப்பை விட்டவள். அதே அம்மா பின்னால் ஒரு நாள் உருளைக்கிழங்கு அடை சுட்டுத் தருகிறாள். மகள் கையாலேயே பிய்த்து அள்ளித் தின்கிறாள், அம்மா பார்த்துக்கொண்டே இருக்கிறாள். அந்த வீட்டில் பாசம் அப்படித்தான் வெளியே வருகிறது.

அப்புறம் அக்டோபர் 21, காலை நேரம். பாலத்தின் நடுப்பகுதி ஆற்றில் விழுகிறது. நிஜத்தில் 32 பேர் இறந்தார்கள், பள்ளி மாணவிகளும் அதில் உண்டு. இணைப்புகளில் வெல்டிங் சரியில்லை என்று பின்னால் தெரிந்தது. வேகமாக வளர்ந்த நாடு அவசரத்தில் கட்டியது. படத்தில் உன்ஹீயின் அக்கா அன்றைக்கு பஸ்ஸைத் தவறவிட்டதால் பிழைக்கிறாள். அன்று ராத்திரி சாப்பாட்டு மேசையில் வெடித்து அழுவது யார் தெரியுமா? அந்த அண்ணன்தான். யாரும் ஒன்றும் சொல்வதில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை வடகரையில் இருக்கும் நினைவிடத்துக்குப் போனேன். வண்டிகள் பறக்கும் சாலைகளுக்கு நடுவே இருக்கிறது, நடந்து போய்ச் சேர்வதே பாடு. யாரோ வைத்துவிட்டுப் போன வெள்ளைச் செவ்வந்தி வாடிக் கிடந்தது. கொஞ்ச நேரம் நின்றேன். திங்கட்கிழமை பஸ் பாலத்தில் ஏறியபோது பக்கத்து சீட்டுப் பெண் வழக்கம் போல் தூங்கிக்கொண்டிருந்தாள். அக்கரை வந்து சேரும்வரை நான் அவளையே பார்த்துக்கொண்டிருந்தேன்.