பாபிலோன் ஆற்றங்கரைப் பாட்டு: மதுரையில் போனி எம்மைக் கேட்டவர்கள்

பசுமலையிலிருந்து, ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர்:

எழுபதுகளில் ஜெர்மனியில் உருவான டிஸ்கோ இசைக்குழு போனி எம். அந்தக் குழுவின் ‘ரிவர்ஸ் ஆஃப் பாபிலோன்’ வெறும் ஆட்டப் பாட்டு என்று இன்றைய பிள்ளைகள் சொல்லும்போது என் மனம் ஒப்புவதில்லை. அது எங்கள் வீட்டுக்குள் வந்த விதமே வேறு என்பதால் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில் டவுன்ஹால் ரோட்டுப் பக்கம் ஒரு ரெக்கார்டிங் கடையில் வெற்றுக் கேசட்டையும் பாட்டுப் பட்டியலையும் கொடுத்துவிட்டு வந்தால், சில நாள் கழித்துப் பதிந்து வைத்திருப்பார்கள். இந்தப் பாட்டை மட்டும் நான் பக்கத்தில் நின்றே பதிந்து வாங்கினேன். கடைக்காரர் இசைத்தட்டை ஓரங்களில் மட்டும் விரல்படத் தூக்கி, மெல்லிய துணியால் வட்டமாகத் துடைத்தார். பிறகு கேசட்டின் பல்லுக்குள் பென்சிலை விட்டுச் சுற்றி, ஒலி ஏறாத அந்த முன்நாடா முழுவதும் கடந்துவிட்டதா என்று வெளிச்சத்தில் பார்த்துக்கொண்டார். சொற்களில்லாத குழுக்குரலோடு தொடங்கும் பாட்டு இது; அந்தத் தொடக்கம் நாடாவில் விழாமல் போனால் வாங்குகிறவர்கள் திரும்பக் கொண்டுவந்துவிடுவார்கள் என்று சொன்னார்.

அப்பா சபையில் உபதேசியாராக இருந்தவர். ஆங்கிலம் ஓரளவே தெரியும், ஆனால் வேதத்தில், அதாவது பைபிளில், கரைகண்டவர். முதல் அடி முடிவதற்குள் “இது நூற்று முப்பத்தேழாம் சங்கீதமல்லவா” என்றார். சங்கீதங்கள் என்பவை பைபிளில் உள்ள பக்திப் பாட்டுகள். போதகர்கள் பிரசங்கத்துக்கு முன் சொல்லுகிற, வாயின் வார்த்தைகளும் இருதயத்தின் தியானமும் உமக்குப் பிரியமாயிருப்பதாக என்னும் விண்ணப்பம் இடையில் வந்தபோது, அது பத்தொன்பதாம் சங்கீதத்தின் கடைசி வசனம் என்பதையும் அவரே எடுத்துச் சொன்னார். பிறகு வேதப் புத்தகத்தை விரித்து, பாபிலோனுக்குச் சிறையாகக் கொண்டுபோகப்பட்ட யூதர்கள் ஆற்றங்கரையில் உட்கார்ந்து அழுததையும், கின்னரங்களை அலரிச்செடிகளில் தூக்கி வைத்துவிட்டதையும், சிறைபிடித்தவர்களே அவர்களைப் பாடச் சொல்லிக் கேட்டதையும் எங்களுக்கு வாசித்துக் காட்டினார். “அழுகிறவனைப் பிடித்துப் பாடு என்றால் எப்படிப் பாடுவானோ, அப்படித்தான் இந்தப் பிள்ளை பாடுகிறாள்” என்று அன்று அவர் சொன்னதைவிடச் சரியான விமரிசனத்தை நான் இதுவரை எங்கும் படித்ததில்லை.

பாட்டின் பூர்வீகம் பின்னாளில்தான் எனக்குத் தெரிய வந்தது. ஜமைக்காவின் மெலோடியன்ஸ் குழுவைச் சேர்ந்த பிரெண்ட் டோவும் டிரெவர் மெக்நாட்டனும் இந்தச் சங்கீதத்தை எடுத்து 1970இல் ரெகே என்னும் ஜமைக்கா இசைவகையில் பாடலாக்கினார்கள். ஜமைக்காவில் தோன்றிய சமய நெறியான ராஸ்தஃபாரியைப் பின்பற்றுவோருக்குப் பாபிலோன் என்பது தங்களை ஒடுக்கும் அதிகாரம். வேதத்தில் எருசலேமைக் குறிக்கும் சீயோன் என்பது தங்கள் முன்னோர் கப்பலேற்றப்பட்ட ஆப்பிரிக்கா. தாங்கள் தெய்வமாகப் போற்றும் எத்தியோப்பியப் பேரரசர் ஹைலி செலாசியைக் குறிக்கும் சொற்களை அவர்கள் பாட்டுக்குள் வைத்திருந்தார்கள். ஜெர்மானியத் தயாரிப்பாளர் ஃபிராங்க் ஃபேரியன் போனி எம்முக்காக அதே பாட்டை எடுத்தபோது அந்தச் சொற்களை நீக்கி, வேதத்தில் உள்ளபடியே ‘கர்த்தரின் பாட்டு’ என்று மாற்றினார். அதனால் ராஸ்தஃபாரியரின் குரல் மறைந்துபோயிற்று என்பது உண்மையே. அந்த மாற்றத்தால்தான் எங்கள் அப்பாவைப் போன்ற ஒருவர் அதை முழுவதும் வேதப் பாட்டாகவே கேட்க முடிந்தது என்பதும் உண்மை.

1978 ஏப்ரலில் வெளியான இந்த ஒற்றைத்தட்டு (பக்கத்துக்கு ஒரு பாட்டு உள்ள சிறு இசைத்தட்டு) பிரிட்டனில் ஐந்து வாரம் முதலிடத்தில் நின்றது; இருபது லட்சத்துக்கும் மேல் விற்றது. அது இறங்கத் தொடங்கிய நேரத்தில் வானொலிகள் தட்டைத் திருப்பிப் போட்டு, மறுபக்கத்தில் இருந்த கரீபியச் சிறுவர் விளையாட்டுப் பாட்டை ஒலிபரப்ப, அதே தட்டு மறுபடியும் இரண்டாம் இடம்வரை ஏறியது.

தாளத்தைக் கேட்டு முகம் சுளித்த மூப்பர்கள் எங்கள் சபையிலும் உண்டு. அவர்களுக்கு நான் அரசரடி இறையியல் கல்லூரியைத்தான் சுட்டிக்காட்டுவேன். அங்கே ஆசிரியராக இருந்த தியோபிலஸ் அப்பாவு பறையையும் நாட்டுப்புற மெட்டையும் ஆராதனைக்குள் கொண்டுவந்தார்; தாளம் வந்ததால் பக்தி குறைந்துவிட்டதாக நான் காணவில்லை.

ஞானஒளிவுபுரத்திலிருந்து, பாடகர் குழுவில் நெடுநாள் இருந்தவர்:

பசுமலை ஐயாவுக்கு வணக்கம். தங்கள் தகப்பனார் சொன்ன வார்த்தையைப் படித்தவுடன் மதுரை ஆனையூரில் உள்ள இலங்கைத் தமிழ் அகதிகள் முகாமில் நான் சந்தித்த பெரியவர் ஒருவரின் நினைவு வந்தது.

தொண்ணூறுகளில் கிறிஸ்துமஸையொட்டிக் கீதபவனிக்காக, அதாவது குழுவாகச் சென்று பாட்டுப் பாடுவதற்காக, அந்த முகாமுக்குப் போவோம். போனி எம் குழுவின் ‘மேரிஸ் பாய் சைல்ட்’ பாட்டை, அதுவும் 1978இல் வந்ததுதான், தமிழ்ப் பாட்டுகளுக்கு நடுவே பாடுவது எங்கள் வழக்கம். ஒரு முறை அப்படிப் பாடி முடித்ததும் மன்னாரிலிருந்து வந்திருந்த அந்தப் பெரியவர் எங்கள் பையன் ஒருவனிடம் கிதாரைக் கேட்டு வாங்கினார். “தம்பியவை, அவையின்ர மற்றப் பாட்டு ஒண்டு இருக்கு, தெரியுமோ?” என்று கேட்டுவிட்டு, நாங்கள் பதில் சொல்லுமுன் பாபிலோன் பாட்டைத் தொடங்கினார். எங்கள் டேப்பில் இருந்ததைவிட நிதானமாக, ஏறக்குறைய பாதி வேகத்தில் பாடினார். அந்நிய தேசத்தில் எப்படிப் பாடுவது என்ற அடியை அவர் மட்டும் மூன்று நான்கு தடவை திருப்பிப் பாடியபோது, சுற்றி நின்ற பெண்கள் ஆங்கிலம் தெரிந்தோ தெரியாமலோ அதில் சேர்ந்துகொண்டார்கள். ஊரில் திருமண வீடுகளில் இதற்கு ஆடியதாகவும், கடல் கடந்து வந்த பிறகுதான் இதன் பொருள் தங்களுக்கு உறைத்ததாகவும் பிறகு சொன்னார்.

யூதர்களின் புலம்பல் ஜமைக்கா வழியாக ஜெர்மனிக்குப் போய், இலங்கையைச் சுற்றி ஆனையூருக்கு வந்திருந்தது. போன இடமெல்லாம் ஊரை இழந்தவர்கள் அதைத் தங்கள் பாட்டாகவே எடுத்துக்கொண்டதற்கு மெட்டின் இனிமை மட்டும் காரணமாக இருக்க முடியாது என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

திருமங்கலத்திலிருந்து, கீபோர்டு வாசிப்பவர்:

ஐயா, அண்ணே, இருவர் பதிவையும் வீட்டில் உரக்கப் படித்துக் காட்டினேன். குரல்களைப் பற்றி மட்டும் நான் சேர்க்க வேண்டியது ஒன்று உண்டு.

போனி எம் மேடையில் நால்வர் நின்றாலும் தட்டில் ஒலித்தவை லிஸ் மிச்செல், மார்சியா பாரெட், ஃபேரியன் ஆகிய மூவரின் குரல்களே. பாபி ஃபேரல் வாயசைத்து ஆடிய ஆண்குரல் ஃபேரியனுடையது. மெய்சி வில்லியம்ஸ் ஒலிப்பதிவுகளில் பாடவில்லை. இதைக் கேள்விப்பட்ட சிலர் மொத்தக் குழுவையே ஏமாற்று என்று தள்ளிவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. முதன்மைக் குரலாகப் பாடிய மிச்செலும் உடன்பாடிய பாரெட்டும் ஜமைக்காவில் பிறந்து, சிறுவயதில் இங்கிலாந்துக்குப் போனவர்கள். ஊரை விட்டு வந்தவர்களின் பாட்டை அப்படிப்பட்டவர்களே பாடியிருக்கிறார்கள். மிச்செல் எந்த இடத்திலும் குரலை உயர்த்தி அழுது காட்டுவதில்லை. தாளம் துள்ளிக்கொண்டிருக்கும்போதே ஒவ்வொரு சொல்லையும் சமமாக, அவசரமின்றி வைக்கிறார். எங்கள் குழுவில் புதிதாகச் சேரும் பிள்ளைகள் தாளத்தின் வேகத்தில் சொல்லையும் ஓட்டிவிடுவதால், மெலோடியன்ஸ் பாடியதை முதலில் கேட்கவைத்து, தாளமே இல்லாமல் குரலால் மட்டும் பாடிப் பழகிய பிறகுதான் டிரம்மைச் சேர்க்கிறோம்.

அண்ணே, அந்தப் பெரியவர் எந்தச் சுருதியில் பாடினார் என்பது நினைவிருந்தால் எழுதுங்கள். பாதி வேகத்தில் ஒரு முறை எங்கள் சபையில் பாடிப் பார்க்க விரும்புகிறோம்.