2024-ல் உலக அரசியலில் பெரிய சம்பவம் எது? டீக்கடைப் பந்தயத்துக்குத் தீர்ப்பு சொல்லுங்கள்

பாலக்கோடு_பையன்:
குரூப் தேர்வுக்குப் படிக்கிறவர்கள் நாலு பேர், பஸ் ஸ்டாண்ட் டீக்கடையில் ஒரு வாரமாக இதே சண்டை. டிரம்ப் மறுபடி ஜெயித்ததுதான் என்கிறான் நண்பன். நான் வங்கதேசம் என்கிறேன். எதிர்க்கட்சி புறக்கணித்த தேர்தலில், ஜனவரி 7 அன்று, தொடர்ந்து நாலாவது முறையாக ஜெயித்த ஷேக் ஹசீனா ஆகஸ்ட் 5-ல் நாட்டை விட்டே ஓடி இந்தியாவுக்கு வந்துவிட்டார், அதுவும் எதில் ஆரம்பித்தது, அரசு வேலையில் விடுதலைப் போராட்ட வீரர்களின் வாரிசுகளுக்கு 30 சதவீதம் என்பதை எதிர்த்து மாணவர்கள் தெருவுக்கு வந்ததில். வேலைக்குப் படிக்கிறவன் வயிற்றெரிச்சல் எனக்குத் தெரியும். தோற்றவன் எல்லோருக்கும் பஜ்ஜி வாங்கித் தர வேண்டும்.

கிளிமூக்கு_தோட்டம்:
தம்பி, காவேரிப்பட்டணம் பக்கம் வந்து கேட்டுப் பாருங்கள், செங்கடல் என்றுதான் சொல்வோம். ஏமனின் ஹூதி கிளர்ச்சிக்காரர்கள் 2023 நவம்பரில் கப்பல்களை அடிக்க ஆரம்பித்து 2024 முழுக்க விடவில்லை. சூயஸ் வழியாகப் போக வேண்டிய ஐரோப்பா சரக்கு ஆப்பிரிக்காவையே சுற்றிக்கொண்டு போனது, பத்து நாளுக்கு மேல் கூடுதல், வாடகையும் எகிறியது. மாம்பழக்கூழ் ஃபேக்டரியில் பழத்தை இறக்கப் போனால் "கப்பல் வாடகை ஏறிடுச்சு" என்று விலையைக் குறைத்தார்கள். சரி, அதற்கு முந்தின வருஷம் மட்டும் அள்ளியா கொடுத்தார்கள், அது வேறு கதை.

ஓசூர்_நைட்ஷிப்ட்:
எனக்குத் தென்கொரியா. டிசம்பர் 3, சாயங்காலம் ஏழு மணி வாக்கில் அந்த நாட்டு ஜனாதிபதியாக இருந்த யூன் ராணுவச் சட்டம் அறிவித்தார் என்று போனில் வந்தது. சாப்பிட்டுவிட்டு நான் கம்பெனி பஸ் ஏறுகிற நேரத்துக்கு, எம்.பி.க்கள் சுவர் ஏறிக் குதித்து நாடாளுமன்றத்துக்குள் போய் 190-க்கு 0 என்று அதை ரத்து செய்து ஓட்டுப் போட்டுவிட்டார்கள். ராத்திரி டீ வருவதற்குள் அவரே வாபஸ். பதினோரு நாளில் பதவி நீக்கத் தீர்மானமும் நிறைவேறியது. அந்த நடுவில்தான் 8-ம் தேதி சிரியா ஜனாதிபதி அசாத் மாஸ்கோவுக்கு ஓடினார். அப்பாவும் மகனுமாக அரை நூற்றாண்டுக்கு மேல் ஆண்ட குடும்பம், கிளர்ச்சிக்காரர்கள் கிளம்பி இரண்டு வாரம்கூட ஆகவில்லை.

ஊத்தங்கரை_அக்கா:
பக்கத்திலிருக்கிற இலங்கையை எல்லோரும் மறந்துவிட்டீர்களா? 2019-ல் 3 சதவீதம் வாங்கிய அநுர குமார திசாநாயக்க செப்டம்பரில் ஜனாதிபதி. நவம்பர் நாடாளுமன்றத் தேர்தலில் அவர் கூட்டணிக்கு 225-ல் 159 இடம், யாழ்ப்பாணத்திலேயே முதலிடம். இங்கே முகாமில் இருக்கிற என் தோழி அந்த யாழ்ப்பாண முடிவைக் கேட்டுவிட்டு, சந்தோஷப்படுவதா சந்தேகப்படுவதா என்றே தெரியவில்லை என்றாள். முப்பது வருஷத்துக்கு மேல் இங்கே இருப்பவள்.

பாலக்கோடு_பையன்:
அக்கா, அதற்கு என்னிடம் பதில் இல்லை. டிரம்ப்புக்கு இங்கே ஒரு ஓட்டுகூட விழவில்லை, எனக்கும்தான் விழவில்லை. இப்போது பஜ்ஜிக்கு யார் காசு கொடுப்பது என்று புதுச் சண்டை ஆரம்பித்திருக்கிறது.