கலைச்சொல் தேவை: ‘துணைநடிகர்’ பொருந்தவில்லை

குழுவினருக்கு வணக்கம்.

கிரேக்க நடிகர் தனாசிஸ் வெங்கோஸைப் (1927–2011) பற்றிய கட்டுரை ஒன்றை மொழிபெயர்த்து வருகிறேன். வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. மக்ரோனிசோஸ் தீவில் அரசியல் கைதியாக இருந்தபோது பழகிய நிக்கோஸ் கூந்தூரோஸ், 1954இல் தாம் இயக்கிய முதல் படத்திலேயே வெங்கோஸுக்கு வேடம் தந்தார். அதன்பின் பல ஆண்டுகள் பிறர் நாயகர்களாக நடித்த படங்களில் சிறு நகைச்சுவை வேடங்களே அவருக்குக் கிடைத்தன. அந்தக் கட்டத்தில் அவரை எப்படிக் குறிப்பது? ‘துணைநடிகர்’ என்றால் நம் வழக்கில் கூட்டத்தில் நிற்பவர் என்றாகிவிட்டது. ‘குணச்சித்திர நடிகர்’ என்றாலோ கண்ணீர் விடும் தந்தைதான் நினைவுக்கு வருகிறார்.

—

ஐயா, ‘நகைப்பாங்கர்’ என்று ஆளலாம். பாங்கு என்பது பக்கத்தையும் தகுதியையும் ஒருங்கே குறிப்பது. அகத்திணையில் பாங்கன் தலைவனுக்கு அருகில் நின்று, இடித்துரைத்து, கதையை நகர்த்துபவன். கிரேக்கரும் இத்தகைய நடிகரை ‘இரண்டாம் நடிகர்’ என்ற பழைய நாடகச் சொல்லால் அழைப்பதுண்டு. மேடையில் நடிகரை ஒருவரிலிருந்து இருவராக்கியவர் பண்டைக் கிரேக்க நாடகாசிரியர் எஸ்கிலஸ் என்கிறார் அரிஸ்டாட்டில்; முகமூடி அணிந்து பல வேடங்களைத் தாங்கிய அந்த இரண்டாமவர் சிறியவர் அல்லர். அப்பெருமையைத் ‘துணை’ என்னும் சொல் தாங்காது.

—

சொல் அழகாக இருக்கிறது, ஆனால் அடிக்குறிப்பு இல்லாமல் எந்த வாசகருக்கும் விளங்காது. மேலும், பாங்கன் தலைவனைச் சார்ந்தே நிற்பவன். வெங்கோஸோ 1960களில் தாமே நாயகராகி, சொந்த நிறுவனம் தொடங்கிப் படமெடுத்துப் பொருளிழந்தவர். நகை பிறக்கும் இடங்களாகத் தொல்காப்பியம் கூறும் ‘எள்ளல் இளமை பேதைமை மடன்’ என்னும் நான்கில் அவருடைய நகை எள்ளலின்பாற்பட்டதன்று. பிழைப்புக்காக மூச்சிரைக்க ஓடும் எளியவனின் பேதைமையிலும் மடனிலும் பிறந்தது. அது சிறு வேடத்திலும் நாயக வேடத்திலும் மாறவே இல்லை. ஆகவே ஆளுக்குப் பெயர் வைப்பதை விட்டு வேடத்துக்குப் பெயர் வைப்போம்: ‘நகைச்சுவைத் துணைவேடம்’.

—

அனைவருக்கும் நன்றி. பெரும்பாலோர் ‘துணைவேடம்’ என்பதையே ஏற்பதாலும், 1971இல் தெசலோனிக்கித் திரைவிழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றவரை வாழ்நாள் முழுதும் ‘துணை’ என்று முத்திரையிடாமல் இருக்க அது உதவுவதாலும், அவ்வாறே அச்சுக்கு அனுப்புகிறேன்.

—

என் மறுப்பைப் பதிவு செய்கிறேன். 1995இல் வந்த, கிரேக்க இயக்குநர் அங்கெலோப்பூலோஸின் படத்தில் வெங்கோஸ் வாடகைக் கார் ஓட்டுநராக வருகிறார். நாயகனை அல்பேனியப் பனிக்குள் அழைத்துச் சென்று, வழியில் வண்டியை நிறுத்தி, கிரேக்கம் செத்துக்கொண்டிருக்கிறது என்று அவனிடம் முறையிடும் அந்த முதியவர், தலைவனின் அருகிருந்து உண்மை உரைக்கும் பாங்கரேதான். நகை நீங்கிய பின்னும் பாங்கு எஞ்சி நிற்கிறது. ‘துணைவேடம்’ அதைச் சொல்லவில்லை. அடுத்த பதிப்பிலாவது என் சொல்லை அடைப்புக்குறிக்குள் சேர்க்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.