பியர்சனில் வேலை தேடும் எங்கட பெண்களுக்கும் புதிதாக வந்தவர்களுக்கும்

ரொறன்ரோவுக்குப் புதிதாக வந்த சிலர் ஒரே மாதிரித்தான் கேட்டிருக்கிறீர்கள்: "பியர்சன் எயார்போர்ட்டில் ஆள் எடுக்கிறார்களாம், பெண்பிள்ளைகள் போகலாமா? எங்கட ஆக்களைப் பெட்டி தூக்குவதற்கு மட்டும்தான் எடுப்பார்களா?" போகலாம். பெட்டி தூக்குவதோடு நிற்கவும் தேவையில்லை. நான் அங்கே ராம்பிலும் (விமானம் நிற்கும், பெட்டி ஏற்றும் இடம்) பிறகு செக்-இன் கவுண்டரிலும் வருடக்கணக்காக வேலை செய்தவள். தெரிந்ததை விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் பார்க்க வேண்டியது, உங்களுக்குச் சம்பளம் தரப்போவது யார் என்பது. பியர்சனில் சுமார் 50,000 பேர் வேலை செய்கிறார்கள், ஆனால் முதலாளிமார் பலர். சட்டையில் ஒரு விமான நிறுவனத்தின் சின்னம் இருக்கும், சம்பளம் ஒப்பந்தக் கம்பனியிடமிருந்து வரும். பக்கத்தில் பக்கத்தில் நின்று ஒரே வேலை செய்யும் இரண்டு பேருக்கு மணித்தியாலச் சம்பளமும், காப்புறுதியும், பென்ஷனும் வேறு வேறாக இருப்பதற்கு இதுதான் காரணம். புதிதாக வந்தவர்களும் நிறமுள்ளவர்களும் கூடுதலாகச் சேருவது இந்த ஒப்பந்தக் கம்பனிகளில்தான். அங்கே தொடங்குவதில் தவறில்லை, அங்கேயே பத்து வருடம் இருந்துவிடாதீர்கள். நேர்முகத்தில் இரண்டு கேள்வி கட்டாயம் கேளுங்கோ: சம்பளப் பட்டியலில் யாருடைய பெயர் இருக்கும்? யூனியன் எது? எயார் கனடாவில் விமானப் பணியாளர்களுக்கு கியூப்பி (CUPE), பெட்டி ஏற்றுபவர்களுக்கும் மெக்கானிக்மாருக்கும் ஐஏஎம் (IAM), கவுண்டர் ஆக்களுக்கு யூனிஃபோர் (Unifor) என்ற யூனியன்கள். யூனியனே இல்லாத இடமென்றால் அதையும் தெரிந்துகொண்டு கையெழுத்து வையுங்கோ.

அடுத்தது சட்டம். விமானப் போக்குவரத்து ஒன்ராறியோ சட்டத்துக்குக் கீழ் வருவதில்லை, மத்திய அரசின் கனடா தொழிற்கோவைதான் பொருந்தும். டேர்மினலுக்குள் இருக்கும் கோப்பிக் கடை போன்ற வேலைகளுக்குத்தான் மாகாணச் சட்டம். இந்த வித்தியாசத்தால் கனபேர் கிடைக்க வேண்டியதைக் கேட்காமலே இருக்கிறார்கள். மத்திய சட்டத்தில் வருடத்துக்கு 10 நாள் வரை சம்பளத்தோடு சுகவீன விடுமுறை உண்டு, 2022 டிசம்பரிலிருந்து நடைமுறையில் இருக்கிறது. குறைந்தபட்சச் சம்பளம் 2025 ஏப்ரலில் 17.75 டொலர், ஒவ்வொரு ஏப்ரலும் மாறும். மாகாணத்தின் தொகை கூடவாக இருந்தால் அந்தத் தொகையைத் தர வேண்டும்.

இப்போது எனக்கு மனதுக்கு மிக நெருக்கமான விஷயம். வேலைக்குச் சேர்ந்ததும் ஒரு படிவம் வரும். நீங்கள் பெண்ணா, பூர்வகுடியா, இயலாமை உள்ளவரா, நிறத்தால் சிறுபான்மையினரா என்று கேட்கும். எங்கட ஆக்கள் இதைக் கண்டவுடன் பயந்து வெறுமையாக விட்டுவிடுவார்கள். நாட்டில் எங்களுக்கு இருந்த அனுபவம் அப்படி. யாராவது இனம் கேட்டுப் பட்டியல் எழுதினால் அது நல்லதுக்காக இருந்ததில்லை. அந்தப் பயத்தை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் இந்தப் படிவம் வேறு. 1984-இல் நீதிபதி ரொசாலி அபெல்லா நடத்திய ஆணைக்குழு, அரசுக்குச் சொந்தமான 11 நிறுவனங்களில் யார் யாருக்கு வேலை கிடைக்கிறது என்று ஆராய்ந்தது. அதில் ஒன்று அப்போதைய எயார் கனடா. அந்த அறிக்கையிலிருந்துதான் 1986-இல் வேலைவாய்ப்புச் சமத்துவச் சட்டம் வந்தது. 100 பேரோ அதற்கு மேலோ வைத்திருக்கும் மத்திய ஒழுங்குமுறைக்குட்பட்ட தனியார் நிறுவனங்கள், இந்த நான்கு குழுவினரும் எந்தெந்த மட்டத்து வேலையில் எத்தனை பேர், எந்தச் சம்பளத்தில் என்று வருடாவருடம் அரசுக்கு அறிக்கை கொடுக்க வேண்டும். படிவத்தை நிரப்பச் சொல்லி ஒருவரும் உங்களைக் கட்டாயப்படுத்த முடியாது, விபரம் இரகசியமாக இருக்கும். ஆனால் நீங்கள் நிரப்பாவிட்டால் அந்தக் கணக்கில் நீங்கள் இல்லை. மேல் பதவிகளில் எங்கட ஆக்கள் குறைவு என்று காட்டுவதற்கான ஆதாரமும் இல்லை. தயவுசெய்து நிரப்புங்கோ. இன்னொன்று, அந்த அறிக்கைகள் பொதுமக்கள் பார்க்கக்கூடியவை. நேர்முகத்துக்குப் போகமுன் அந்த நிறுவனத்தின் அறிக்கையை எடுத்து, முகாமையாளர் மட்டத்தில் பெண்கள் எத்தனை, சிறுபான்மையினர் எத்தனை என்று பாருங்கோ. உள்ளே போனால் எதுவரை ஏறலாம் என்று ஒரு கணிப்பு வரும்.

பாதுகாப்பு அட்டையில்தான் புதியவர்கள் கனபேர் மாட்டுப்படுகிறார்கள். கட்டுப்படுத்தப்பட்ட பகுதிக்குள் போக ட்ரான்ஸ்போர்ட் கனடாவின் (மத்திய போக்குவரத்து அமைச்சு) அனுமதி வேண்டும். கடைசி 5 வருடம் எங்கே இருந்தீர்கள், என்ன செய்தீர்கள் என்று சரிபார்க்கக்கூடிய விபரம் கேட்பார்கள். கொழும்பிலோ சென்னையிலோ வேறு நாட்டிலோ இருந்த காலமும் இதில் வரும். வேலைக் கடிதங்கள், படித்த இடத்துக் கடிதங்கள், வாடகை உறுதி எல்லாவற்றையும் இப்போதே சேர்த்து வையுங்கோ. இடையில் வேலை இல்லாமல் வீட்டில் இருந்த மாதங்களையும் எழுதுங்கோ, இடைவெளி விடாதீர்கள்.

பெண்களுக்குத் தனியாகச் சில. விடியப்புறம் 4 மணி ஷிஃப்ட் சாதாரணம். அந்த நேரம் சப்வே ஓடாது. கிப்ளிங்கிலிருந்து போகும் 900 பஸ்ஸை நம்பி நேர அட்டவணை பார்க்காமல் ஷிஃப்டுக்குச் சம்மதிக்காதீர்கள். ப்ளோர்-டான்ஃபோர்த் வழியே 300 இரவு பஸ் உண்டு, ஸ்காபரோவிலிருந்து வருபவர்கள் அதற்கு எவ்வளவு நேரம் பிடிக்கும் என்று ஒருமுறை போய்ப் பாருங்கோ. கர்ப்பமாக இருந்தால் பாரம் தூக்குவது, ரசாயனத்தோடு வேலை செய்வது போன்றவற்றை மாற்றித் தரும்படி மருத்துவச் சான்றிதழோடு கேட்கலாம். இந்த உரிமை கர்ப்பம் தொடங்கியதிலிருந்து பிள்ளை பிறந்து 24 வாரம் வரை உண்டு. "மேலாளர் கோபிப்பார்" என்று பயந்து, கர்ப்பம் என்று சொல்லாமலே பெட்டி தூக்கிக்கொண்டிருந்த பிள்ளைகளை நான் கண்டிருக்கிறேன். கேட்பது உங்கட உரிமை.

விமானப் பணிப்பெண் வேலைக்கு ஆசைப்படுகிறவர்களுக்கு: பல நாடுகளுக்குத் தடையில்லாமல் போய்வரக்கூடிய பாஸ்போர்ட் கேட்பார்கள், ஆகவே சிலருக்குக் குடியுரிமை வரும்வரை பொறுக்க வேண்டியிருக்கும். அந்த இடைவெளியில் பிரெஞ்சு படியுங்கோ. எயார் கனடா அரசகரும மொழிச் சட்டத்துக்கு உட்பட்டது, இரண்டு மொழியும் தெரிந்தவருக்கு அங்கே மதிப்பு அதிகம். சம்பளத்தைப் பற்றியும் வடிவாக விசாரியுங்கோ. 2025 ஆகஸ்டில் எயார் கனடாவின் 10,000-க்கும் மேற்பட்ட விமானப் பணியாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். விமானம் தரையில் நிற்கும்போது, பயணிகளை ஏற்றி இருத்தும் நேரத்துக்குக் காசு இல்லை என்பது அப்போது அவர்களின் முக்கிய குறையாக இருந்தது. பெண்கள் பெரும்பான்மையாக இருக்கும் தொழிலில் இப்படி நடந்தது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. கியூப்பி 1991-இலேயே முறைப்பாடு செய்தது: பெண்கள் கூடிய பணியாளர் வேலையை, ஆண்கள் கூடிய விமானி, மெக்கானிக் வேலைகளோடு ஒப்பிட்டுச் சம்பளம் பாருங்கள் என்று. ஒப்பிடலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2006-இல். ஒப்பிடலாமா என்ற ஒரு கேள்விக்கே பதினைந்து வருடம் போனது.

விமானி இருக்கையும் மெக்கானிக் வேலையும் இன்னும் ஆண்கள் பக்கமே சாய்ந்திருக்கின்றன. ரொசெல்லா பியோர்ன்சன் 1973-இல் ட்ரான்ஸ்எயார் என்ற கனடிய விமான நிறுவனத்தில் துணை விமானியாகச் சேர்ந்தார், வட அமெரிக்காவில் ஜெட் விமானத்தில் அந்த இருக்கைக்கு வந்த முதல் பெண். 1990-இல் கப்டனானார். பறக்கும் பயிற்சிக்குப் பெருந்தொகை வேண்டும், எல்லாக் குடும்பத்துக்கும் முடியாது. விமானப் பராமரிப்புப் படிப்பு அதைவிட எட்டக்கூடியது. சென்டெனியல் கல்லூரியின் டவுன்ஸ்வியூ வளாகத்தில் இருக்கிறது. பெண்பிள்ளைகளை வைத்திருக்கும் பெற்றோர், நேர்சிங், கணக்கியல் மட்டும் பார்க்காமல் இதையும் ஒருமுறை போய்ப் பாருங்கோ.

ஹிஜாப், பொட்டு போன்றவற்றோடு வேலைக்கு வரலாமா என்று ஒரு தங்கச்சி கேட்டதற்குப் பதில்: ஹிஜாப், தலைப்பாகை, பொட்டு எல்லாம் மத அடிப்படையில் வருபவை. பாதுகாப்புக்கு உண்மையான இடைஞ்சல் என்று காட்ட முடியாவிட்டால், நிறுவனம் இடம் கொடுக்க வேண்டும். மறுத்தால், நாள், நேரம், யார் சொன்னது, யார் பக்கத்தில் நின்றது என்று அன்றைக்கே எழுதி வையுங்கோ. முதலில் யூனியன் பிரதிநிதி. அடுத்தது கனடிய மனித உரிமைகள் ஆணைக்குழு, சம்பவம் நடந்து 12 மாதத்துக்குள் முறைப்பாடு போக வேண்டும். யூனியன் இல்லாமல் ஒரு வருடம் வேலை செய்த பிறகு நியாயமில்லாமல் நிறுத்தினால், மத்திய அரசின் தொழில் பிரிவுக்கு (Labour Program) 90 நாளுக்குள் முறைப்பாடு போக வேண்டும். இரண்டு கெடுவையும் தொலைபேசியில் குறித்து வையுங்கோ. தட்டச்சு செய்ய, படிவம் நிரப்ப உதவி வேண்டுமென்றால் இங்கேயே எழுதுங்கோ, நான் பின்னேரங்களில் பார்ப்பேன்.