புலிக்குப் பாடியது யார்?

பழையரீல்:
1967-இல் வந்த ‘ஜங்கிள் புக்’ கார்ட்டூன் படத்தில், நான்கு கழுகுகள் மோக்லியைத் தேற்றிப் பாடும் பாட்டை பீட்டில்ஸ் பாடியது என்று நேற்று ஒருவர் அடித்துச் சொல்லியிருந்தார். ராத்திரி தூக்கம் வரவில்லை. பீட்டில்ஸை நினைத்துத்தான் அந்தக் கழுகுகளுக்குத் தலைமுடியும் லிவர்பூல் பேச்சும் வைத்தார்கள். ஆனால் அவர்கள் நால்வரும் வரவே இல்லை. ராக் பாட்டு சீக்கிரம் பழசாகிவிடும் என்று, நாலு குரல் சேரும் பார்பர்ஷாப் பாணிக்கு மாற்றினார்கள். ஒரு கழுகு ஜே. பாட் ஓ’மாலி, யானைக் கர்னலும் அவரே. இன்னொன்று, ‘சாட் அண்ட் ஜெரமி’ என்ற பாட்டு ஜோடியில் இருந்த சாட் ஸ்டூவர்ட். நடுவில் புகுந்து கடைசி அடியை முடிக்கும் புலி ஷேர் கானுக்குப் பாடியவர் பில் லீ. விஷயம் முடிந்தது.

கட்டைக்குரல்:
முடியவில்லை. அந்தக் கடைசி அடி தர்ல் ரேவன்ஸ்கிராஃப்ட். காது இருந்தால் தெரியும்.

பழையரீல்:
புலிக்குப் பேசியது ஜார்ஜ் சாண்டர்ஸ். பாடியது பில் லீ.

கட்டைக்குரல்:
அவ்வளவு ஆழத்துக்கு வேறு யார் குரல் இறங்கும்? கெல்லாக்ஸ் விளம்பரத்தில் டோனி புலியாக ஐம்பது வருஷம் உறுமியவர் ஐயா அவர். புலி என்றால் அவர்தான்.

பழையரீல்:
அடடா, என்ன ஆதாரம்! சோள அவல் டப்பாவில் இருக்கிற புலியும் காட்டுப் புலியும் ஒன்றா?

கோரஸ்காரி:
ஒரு சந்தேகம். பார்பர்ஷாப் என்றால் நான்கு குரல், பக்கவாத்தியம் இல்லை, மெட்டு மேலிருந்து இரண்டாவது குரலில் போகும். புலி ஐந்தாவது ஆள். அதை எந்தக் கணக்கில் சேர்ப்பது? முதலில் அதைப் பேசலாமே.

பழையரீல்:
அப்புறம் பார்க்கலாம் அம்மணி. பில் லீ யாரென்று இவருக்குத் தெரியுமா? ‘சவுண்ட் ஆஃப் மியூசிக்’ படத்தில் கிறிஸ்டோபர் பிளம்மர் வாயசைத்தது இவர் குரலுக்கு. டால்மேஷன் நாய்கள் படத்தில் ரோஜர் பாடுவதும் இவர்தான். அடுத்தவர் வாய்க்குப் பாடுவதே அவர் பிழைப்பு. புலிக்கும் பாடினார்.

கட்டைக்குரல்:
இரண்டு பேருமே மெல்லோமென் என்ற பாட்டுக் குழு ஆட்கள். 1955-இல் ‘லேடி அண்ட் த டிராம்ப்’ படத்தில், நாய்ப்பட்டியில் ஊளையிட்டே சுருதி சேர்த்தார்களே, அந்தக் குழு. ஆலிஸ் படத்தில் வெள்ளை ரோஜாவுக்குச் சிவப்புச் சாயம் அடிக்கும் சீட்டுகளும் அவர்கள்தான். அந்தக் குழுவில் அடிக்குரல் யார்? ரேவன்ஸ்கிராஃப்ட். இதற்கு மேல் என்ன வேண்டும்?

பழையரீல்:
குழுவில் அடிக்குரல் என்றால் ஊரில் உள்ள எல்லா அடிக்குரலும் அவருடையதா? போன டிசம்பரில் ‘கிரிஞ்ச்’ என்ற கிறிஸ்துமஸ் கார்ட்டூனின் பாட்டை போரிஸ் கார்லோஃப் பாடினார் என்று மூன்று நாள் சாதித்தது யார்? கார்லோஃப் கதை சொன்னதோடு சரி. பாடியது உங்கள் ரேவன்ஸ்கிராஃப்ட்தான். 1966-இல் பெயர்ப் பட்டியலில் அவரை விட்டுவிட்டார்கள். அன்றைக்கு இந்தக் காது எங்கே போயிருந்தது?

கட்டைக்குரல்:
அதை ஏன் இங்கே இழுக்கிறீர்கள்? அன்றே திருத்திவிட்டேன்.

பழையரீல்:
திருத்தவில்லை. பதிவையே அழித்தீர்கள்.

காட்டுப்பறவை:
மன்னிக்கவும், அவை கழுகுகளே அல்ல. பாறுகள். பிணந்தின்னிக் கழுகு என்றாவது எழுதுங்கள்.

கட்டைக்குரல்:
வல்லூறு என்பதுதான் சரி.

காட்டுப்பறவை:
வல்லூறு வேட்டையாடும் பறவை. பாறு செத்ததைத் தின்னும். முடியில்லாத கழுத்தைப் பார்த்தாலே தெரியுமே! பறவை எதென்று தெரியாமல் பாட்டு ஆராய்ச்சி வேறு.

லிவர்பூல்_தம்பி:
பீட்டில்ஸ் என்று எழுதியவன் நான்தான். பீட்டில்ஸ் மாதிரி என்ற அர்த்தத்தில்தான் சொன்னேன்.

பழையரீல்:
‘பாடியது’ என்று எழுதினீர்கள் தம்பி. ‘மாதிரி’ என்ற சொல்லே அதில் இல்லை. கழுகோ பாறோ, கடைசி அடி பில் லீ.

கோரஸ்காரி:
அந்த ஐந்தாவது குரல்?

கட்டைக்குரல்:
நல்ல ஹெட்போன் போட்டு இன்னொரு தடவை கேட்டேன். ரேவன்ஸ்கிராஃப்ட்தான்.

பழையரீல்:
ஹெட்போனை மாற்றுங்கள். பில் லீ.