அந்த ஊரின் கீழைத்தெரு மறைந்துபோன இரவு: அங்கே இருந்தவர்கள் எழுதுங்கள்

சூரியநெல்லி வாசி:
ஊரைப் பற்றி விளக்கப் போவதில்லை. தூங்கினால் அங்கே போகிறவர்களுக்குத் தெரியும். ரயில் நிலையத்துக்கு எதிரே இறங்கும் தெரு, தையற்கடையை ஒட்டிய டீக்கடை. வெள்ளிக்கிழமை இரவு அங்கே நின்றிருந்தேன். டீயைக் குடித்துவிட்டுப் பத்து ரூபாய் நோட்டை நீட்டினேன். கடைக்காரர் தகர டப்பாவுக்குள் கைவிட்டு ஒற்றை ரூபாய்களாக எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். ஏழு வைத்திருப்பார். அப்போது தெருவின் கீழ்க்கோடியில் தண்ணீர். மேட்டை நோக்கி ஏறி வந்தது. எதையும் இடிக்கவில்லை. முதலில் பெயர்ப்பலகை எழுத்துகள் ஈரச் சுண்ணாம்பு போல வழிந்தன, பிறகு கதவு, பிறகு அங்கே என்ன இருந்தது என்ற நினைப்பே போயிற்று. தையற்கடைக்கு அடுத்தது என்ன கடை? எத்தனை முறை கடந்து போயிருக்கிறேன், வரவில்லை. கடைக்காரர் தண்ணீரைப் பார்க்கவே இல்லை. டப்பாவில் கை துழாவிக்கொண்டிருந்தது. ஓடுங்கள் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நான் காசைப் பார்த்துக்கொண்டு நின்றேன். விழித்தபோது கை மூடியே இருந்தது.

போடிமெட்டு:
தண்ணீர் கீழிருந்து வரவில்லை. நான் பிளாட்பாரத்தில் இருந்தேன், தண்டவாளத்தின் மேல்தான் வந்தது, குண்டலைப் பக்கமிருந்து. பெஞ்சில் ஒரு கிழவர் குடையை விரித்து, நனையாமல் இருக்கப் பாதங்களை மேலே தூக்கிக்கொண்டார். அவ்வளவுதான் நான் பார்த்தது. ஆனால் அந்தப் பாதங்கள், வெடிப்பு வெடிப்பாக, இன்னும் கண்ணில் நிற்கின்றன.

இன்னொன்று. அந்த ஊர் எது என்று இங்கே யாரும் யோசிப்பதில்லை. அது பழைய மூணாறு. 1908 முதல் சிறிய ரயில் ஓடியது: மூணாற்றிலிருந்து மாட்டுப்பட்டி, பாலாறு வழியாக டாப் ஸ்டேஷன். அங்கிருந்து தேயிலைப் பெட்டிகள் கம்பிவடத்தில் தொங்கியபடி நம் பக்கம் கோட்டகுடிக்கு இறங்கும். 1924 ஜூலை வெள்ளம் ரயிலையும் பாதையையும் கொண்டுபோனது. மலையாள ஆண்டு 1099 என்பதால் எங்கள் வீட்டில் இன்றைக்கும் தொண்ணூற்றொன்பது வெள்ளம்தான். நாம் கனவில் பார்த்தது அதே வெள்ளம், இரண்டாம் தடவை.

மறையூர்:
1924 என்றால் டீக்கடையில் சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலி எப்படி வந்தது? தாத்தா சொன்ன கதையெல்லாம் தூக்கத்தில் கலந்துவிடுகிறது உங்களுக்கு.

போடிமெட்டு:
நாற்காலியை நீங்கள் கொண்டுபோய்ப் போட்டிருப்பீர்கள்.

குமுளி:
நானும் போனேன், கோயில் படி வரை நனைந்தது, விழித்துவிட்டேன். அதை விடுங்கள். மறுபடி போக முடியாமல் தவிப்பவர்களுக்காக எழுதுகிறேன். வடக்கே தலைவைத்துப் படுக்காதீர்கள். ஆறு மணிக்கு மேல் டீ வேண்டவே வேண்டாம், இங்கே பாதிப் பேர் டீக்கடையைத் தேடியே போகிறீர்கள் என்று தெரிகிறது, அது வேறு. இரவில் கஞ்சி போதும், புரோட்டா தின்றால் கனவு ஊருக்கு வெளியிலேயே சுற்றும், அனுபவத்தில் சொல்கிறேன். தலையணைக்குக் கீழே ஒரு சிட்டிகை கல்லுப்பு. போன பிறகு கீழைத்தெருவை நேராகப் பார்க்கக் கூடாது. ரயில் நிலையக் கடிகாரத்தைப் பார்த்தபடி பின்பக்கமாக நடந்தால் ஒவ்வொரு வீடாகத் திரும்பி வரும் என்று நினைக்கிறேன். ஒரு மண்டலம் செய்து பாருங்கள். இடையில் ஒரு நாள் விட்டால் முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

ராஜமலைப் பக்கம்:
குமுளிக்காரரே, உப்பெல்லாம் எனக்கு வேண்டாம். 2020 ஆகஸ்ட் 6 இரவு பெட்டிமுடியில் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் குடியிருந்த லயங்களின் மேல் மலை சரிந்து இறங்கியது. 70 பேர். என் சித்தி அவர்களில் ஒருவர். அதற்கு அடுத்த வருடம்தான் முதன்முதலாக அந்த ஊருக்குப் போனேன். கீழைத்தெருவில் மூன்றாவது வீட்டுத் திண்ணையில் சித்தி அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். என்னைத் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை. நானும் பேசவில்லை, எதிரே உட்கார்ந்து பார்த்துவிட்டு வருவேன். இத்தனை வருடமும் அப்படியே.

வெள்ளிக்கிழமை முறத்தைக் கீழே வைத்தார். "விறகு நனைகிறது பார், எடுத்து உள்ளே போடு" என்றார். என் பெயரைச் சொல்லித்தான் சொன்னார். இரண்டு கட்டையை உள்ளே போட்டேன். மூன்றாவதற்காகத் திரும்பினேன், திண்ணை இல்லை. கையில் மட்டும் ஈர மரவாசனை.

அது எந்த ஆண்டு வெள்ளம் என்று நீங்கள் இருவரும் முடிவு செய்துகொள்ளுங்கள்.

குமுளி:
நான் பொதுவாகத்தான் சொன்னேன் அம்மா. மனத்தில் வைக்க வேண்டாம்.

போடிமெட்டு:
என் பக்கமும் தவறு. அந்தத் தெருவில் வீடுகளும் இருந்தன என்பது நீங்கள் எழுதிய பிறகுதான் ஞாபகம் வருகிறது. நீலக் கதவு ஒன்று இருந்ததா?

ராஜமலைப் பக்கம்:
இருந்தது. சித்தி வீட்டுக்கு எதிர்வீடு.

மறையூர்:
நேற்று இரவு போனேன். ரயில் நிலையம் வரை ஊர் இருக்கிறது. அதற்குக் கீழே பனி, அல்லது பனி போல ஒன்று. பத்தடி போனேன், தைரியம் வரவில்லை.

சூரியநெல்லிக்காரருக்கு ஒரு விஷயம். அந்தக் கடையில் நான் எட்டு மாதம் டீ குடித்திருக்கிறேன். டீ இரண்டு ரூபாய்தான். உங்களுக்கு எட்டு ரூபாய் வர வேண்டும். சில்லறை விஷயத்தில் அவர் ஒருநாளும் ஏமாற்றியதில்லை. எட்டாவதைத்தான் தேடிக்கொண்டிருந்திருப்பார்.